அப்பீல் அக்கா

'நடுவர் தீர்ப்பே இறுதியானது' என்ற வரியை எங்கே கண்டாலும் அந்த அக்காவின் கை தானாகக் கைப்பைக்குள் போகும். சிவப்புப் பேனா வெளியே வரும். நோட்டீஸ் சுவரில் ஒட்டியிருக்கிறதா, யார் கையிலாவது இருக்கிறதா, ஜெராக்ஸ் மெஷினிலிருந்து இப்போதுதான் சூடாக வந்து விழுந்ததா என்றெல்லாம் பார்க்க மாட்டார். அந்த வரியின் மேல் நேராக ஒரு கோடு. பக்கத்தில் சின்னதாகத் தன் கையெழுத்து. அடித்தது யாரென்று பிறகு யாரும் தேடி அலைய வேண்டாம் பாருங்கள், அதற்காக.

"இறுதியாம்ல இறுதி! பெரிய கோர்ட்டுத் தீர்ப்பையே அதுக்கு மேல உள்ள கோர்ட்டு மாத்துது. இவய்ங்க பாட்டுப் போட்டிக்கு மார்க்குப் போட்டா அது இறுதியாம்!"

எண்பதுகளில் நாங்கள் நியூஜெர்சியில், பிரிட்ஜ்வாட்டர் பக்கம் இருந்தோம். அப்போது அங்கே தமிழ்க் குடும்பங்கள் கொஞ்சம்தான். ஒரு சர்ச்சின் பேஸ்மென்ட் ஹாலை வாங்கிக்கொண்டு சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளி நடத்துவோம். வருடத்துக்கு ஒருமுறை பிள்ளைகளுக்குக் கலைப் போட்டி. பாட்டு, பேச்சு, படம், கதை. அது முடிந்ததும் பெற்றோர்களுக்குள் ஒரு போட்டி தொடங்கும். அதற்குப் பரிசு கிடையாது, ஆனால் ஆறு மாதம் ஓடும். இந்த அக்கா அதில் சேரவே மாட்டார். அவருக்கு ஒரே பையன், அவனும் காலேஜ் போய்விட்டான். ஆனால் தோற்ற பிள்ளை எதுவாக இருந்தாலும், அது வந்து கையைப் பிடித்துக் கேட்டுவிட்டால் போதும், அக்கா நடுவர் முன்னால் போய் நின்றுவிடுவார். "புள்ள ஏன் தோத்துச்சு? காரணம் சொல்லுங்க. எழுதிக் குடுத்தா இன்னும் நல்லது."

அப்பீல் அக்கா என்று பட்டப்பெயர் வைத்தது யாரென்று தெரியாது. அது அவர் காதுக்கும் போனது. கோபித்துக்கொள்வார் என்று நினைத்தோம். "வச்சா வச்சுட்டுப் போங்க. எதனால வச்சீங்கன்னு மட்டும் ஒருத்தர் சொல்லிருங்க" என்றார். 

ஆள் குள்ளம். சேலைக்கு மேல் கணவரின் பழைய குளிர் கோட்டு, முழங்காலுக்குக் கீழே தொங்கும். காலில் ஓட்டப் பந்தயக்காரர்கள் போடுகிற மாதிரி வெள்ளை ஷூ. இறுக்கிப் போட்ட கொண்டையில் ஒரு பென்சில். கைப்பையில் கார்பன் பேப்பர், இஞ்ச் டேப், ஒரு டப்பா வறுத்த வேர்க்கடலை. அமெரிக்காவில் கைப்பைக்குள் கார்பன் பேப்பர் வைத்துக்கொண்டு திரிந்த ஒரே பெண்மணி அவராகத்தான் இருக்கும்.

மதுரையில் ஜில்லா கோர்ட்டில் ஸ்டெனோவாகப் பத்து வருடம் இருந்தவர். இங்கே வந்து கவுண்டி கோர்ட்டில், அதாவது இந்த ஊர் ஜில்லா கோர்ட்டில், டைப்பிஸ்ட். வக்கீலுக்குப் படித்தவர் இல்லை. படித்த வக்கீல்களின் ஆங்கிலத்தைத் திருத்தி அடித்தவர். ஒருநாள் என் சமையலறையில் உட்கார்ந்து பீன்ஸ் நறுக்கிக்கொண்டே சொன்னார். மதுரையில் ஒரு ஜட்ஜ் இருந்தாராம். கேஸைக் கேட்பார், 'தள்ளுபடி' என்று ஒரே வார்த்தை சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விடுவாராம். தோற்றவன் அந்த ஜட்ஜைக் கேட்க முடியாது. டைப் அடிக்கிற அக்காவிடம்தான் வந்து நிற்பான்.

"'ஏம்மா தள்ளிட்டாரு'ன்னு கேப்பான். நான் என்னாத்தச் சொல்ல? அவன் பஸ் ஏறி ஊருக்குப் போகணும். வீட்ல பொண்டாட்டி கேப்பா, என்னாச்சுன்னு. தோத்துட்டேன்னு சொல்லலாம். ஏன் தோத்தேன்னு சொல்ல வேணாமா? அதுகூட இல்லாம ஒரு மனுசன வெறுங்கையோட வீட்டுக்கு அனுப்பலாமா?"

அக்கா ஜெயிப்பதற்காக வாதாடுகிறவர் இல்லை என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. அவருக்கு வேண்டியது காரணம். அது கிடைத்துவிட்டால் தோற்றாலும் முகமெல்லாம் சிரிப்பாக வெளியே வருவார்.

டிரைவிங் டெஸ்டில் மூன்று முறை ஃபெயிலானார். முதல் முறை அந்த இன்ஸ்பெக்டர் வெறுமனே தலையை ஆட்டிவிட்டு இறங்கப் பார்த்தாராம். அக்கா கதவைத் திறக்க விடவில்லை. காரணம் எழுதி வாங்கினார். 'நடைபாதையிலிருந்து வண்டி ரொம்பத் தள்ளி நிற்கிறது' என்று எழுதியிருந்தது. ரொம்ப என்றால் எத்தனை என்று கேட்டு, இஞ்ச் டேப்பை எடுத்துக் கீழே இறங்கி அளந்தார். பின்னால் பத்து கார் காத்திருந்தது. பதினான்கு இஞ்ச் அதிகம் என்று தெரிந்ததும், "அப்படிச் சொல்லுங்க, இது சரியான காரணம்" என்று அந்த ஆளுக்கு ஒரு கை வேர்க்கடலை கொடுத்துவிட்டு வந்தார். நான்காவது முறை பாஸாகும்போது அந்த இன்ஸ்பெக்டரே கை தட்டினாராம்.

அக்காவின் கணவர் பாவம், கெமிக்கல் கம்பெனி இன்ஜினியர், வாயைத் திறந்தாலே 'எதனாலன்னா' என்றுதான் தொடங்குவார். உப்பு கேட்டால்கூட, எதனாலன்னா சாம்பார்ல கொஞ்சம் குறையுது என்பார். கூட வாழ்ந்து வாழ்ந்து அப்படி ஆகிவிட்டார்.

என் மகள் சுதாவுக்கும் அக்காவுக்கும் சிநேகிதம் ஏற்பட்டது ஒரு படத்தால். சுதா இரண்டாம் வகுப்பு படிக்கும்போது அவளுடைய அமெரிக்கப் பள்ளியில் 'என் குடும்பம்' என்று ஓவியப் போட்டி. நாங்கள் எல்லோரும் தரையில் உட்கார்ந்து சாப்பிடுகிற மாதிரி வரைந்தாள். எனக்கு மூக்கு கொஞ்சம் பெரிது, மற்றபடி நல்ல படம். பரிசு இல்லை. பிள்ளை நேராக அக்காவுக்குப் போன் போட்டாள். அக்கா பள்ளிக்கு ஒரு கடிதம் டைப் அடித்தார், மூன்று காப்பி. ஒரு வாரத்தில் பதில் வந்தது, ஒரு முழுப் பக்கம். 'எல்லோரும் தரையில் உட்கார்ந்திருப்பதால் ஆட்கள் அனைவரும் பேப்பரின் அடியில் வந்துவிட்டார்கள், மேல்பாதி காலியாக இருக்கிறது.' அக்கா படித்துவிட்டுக் குதிக்காத குறைதான். "பாத்தியாடி, எம்புட்டு அழகாச் சொல்லிருக்காய்ங்க! நியாயம்தான!" சுதா படத்தை எடுத்துப் பார்த்தாள். "யா, இட்ஸ் எம்ப்டி" என்றாள். அடுத்த வருடம் அதே படத்தை வரைந்து, மேல்பாதியில் விமானத்து இறக்கை மாதிரி ஒரு பெரிய ஃபேனை மாட்டினாள். மூன்றாம் பரிசு.

அந்த வெற்றி தலைக்கேறித்தான் அக்கா எங்கள் தமிழ்ப் பள்ளியில் ஒரு சட்டம் கொண்டுவந்தார். எந்த நடுவர் எந்தப் பிள்ளைக்கு எவ்வளவு மார்க் போட்டார் என்று, பெயரோடு, சுவரில் ஒட்ட வேண்டும். நாங்களும் சரி என்றோம். அது என் தலையிலேயே வந்து விடியும் என்று நான் கண்டேனா?

அந்த வருடம் கதை சொல்லும் போட்டிக்கு நடுவர்கள் மூன்று பேர். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த ஒரு குழந்தை டாக்டர், பேங்கில் வேலை பார்த்த ஒரு கோயமுத்தூர்க்காரர், நான். வெளியிலிருந்து நடுவர் கொண்டுவரலாம் என்றால் தமிழ் தெரிந்தவர்கள் எல்லோருமே பெற்றோர்கள்தான். எங்கள் மூன்று பேர் பிள்ளைகளும் போட்டியில் இருந்தார்கள். மொத்தம் ஒன்பது பிள்ளைகள்.

சுதாவுக்கு அப்போது ஒன்பது வயது. நான் தமிழில் கேட்டால் இங்கிலீஷில் பதில் சொல்கிற வழக்கம்தான். ஆனால் போட்டி என்றதும் இரண்டு மாதம் வீட்டில் தமிழ் மணத்தது. 'டோ டிரக்குக்குத் தமிழ்ல என்னம்மா?' 'வெறுப்பேத்தறதுன்னா என்னம்மா?' என்று என் முந்தானையைப் பிடித்துக்கொண்டே அலைந்தாள். யாரும் எழுதிக் கொடுக்காத அவள் சொந்தக் கதை அது. எங்கள் பழைய ஸ்டேஷன் வேகன் பனியில் ஹைவேயில் நின்றுபோன கதை.

மேடையில் ஏறினாள். "எங்க கார் செத்துப்போச்சு" என்று தொடங்கினாள். ஹால் கொல்லென்று சிரித்தது. "அப்பா காரைத் திட்டினாங்க. கார் கேக்கல. அம்மா அப்பாவைத் திட்டினாங்க." கொஞ்சம் நிறுத்தினாள். "அப்பாவும் கேக்கல." டாக்டர் மேசையைத் தட்டிச் சிரித்தார். காரை இழுத்துப் போக டோ டிரக் ஓட்டி வந்த ஆள் எங்கள் இட்லியைத் தின்றுவிட்டு, 'இந்த வெள்ளை கேக்கில் ஏன் சர்க்கரை இல்லை' என்று கேட்டதாக முடித்தாள். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, அவ்வளவு சிரிப்பு. சிரித்துக்கொண்டே மார்க் ஷீட்டை எடுத்தேன். பத்துக்கு நான்கு போட்டேன்.

ஏன் என்று கேட்கிறீர்களா? முந்தின வருடமும் நான் நடுவர். அப்போது சமையல் மேடை பக்கத்தில் நின்று ஒரு அம்மாள் சொன்னது என் காதில் விழுந்திருந்தது. 'ஜட்ஜ் வீட்டுப் பொண்ணுக்குக் கெடைக்காம வேற யாருக்குக் கெடைக்கும்?' அன்றிலிருந்து அது உள்ளே முள்ளாகக் கிடந்தது. நான் யார், எப்படிப்பட்டவள் என்று காட்டுகிறேன் பார் என்று நான்கு போட்டேன். போட்டுவிட்டுப் பெருமையாக நிமிர்ந்தும் உட்கார்ந்தேன், மடச்சி.

மூன்றாம் பரிசு ஒரே ஒரு மார்க்கில் போனது. சுவரில் ஒட்டிய தாளின் முன்னால் சுதா வெகுநேரம் நின்றாள். காரில் ஏறியதும் கேட்டாள்.

"யூ லாஃப்ட், அம்மா. ஐ சா யூ. அப்புறம் ஏன் நாலு?"

"ஜட்ஜ்னா அப்படித்தான்டி. சொந்தம் பந்தம் பாக்கக் கூடாது."

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "ஓகே. ஐ அம் டன் வித் தமிழ்" என்றாள். விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். இல்லை. மறுநாளிலிருந்து ஒரு தமிழ்ச் சொல் அவள் வாயிலிருந்து வரவில்லை. ரசத்தைக்கூட சூப் என்று கேட்டாள். எல்லாவற்றையும் பொறுத்துக்கொண்டேன். ஆனால் என்னை 'மாம்' என்று கூப்பிட ஆரம்பித்தாள் பாருங்கள், அது தாங்கவில்லை. மாடியிலிருந்து 'மாம்' என்று குரல் வரும், யாரையோ கூப்பிடுகிறாள் என்று அடுப்பின் முன்னால் நின்றுகொண்டிருப்பேன். போய்ச் சமாதானம் செய்ய வறட்டுக் கௌரவம் விடவில்லை. நான்தான் நேர்மையானவள் ஆயிற்றே!

இரண்டு வாரம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை வாசல் மணி அடித்தது. அக்கா. கோட்டைக்கூடக் கழற்றாமல் என் கையில் ஒரு தாளைத் திணித்தார். டைப் அடித்தது. 'மேல்முறையீடு செய்பவர்: சுதா, வயது ஒன்பது. எதிர்த்தரப்பு: மேற்படி சுதாவின் அம்மா.'

"என்னக்கா இது கூத்து!"

"கூத்தில்லம்மா, நோட்டீஸ். கையெழுத்துப் போட்டு ஒரு காப்பி குடு. புள்ள போன் பண்ணி அழுதுச்சு. நாலு மார்க்குக்கு நீ ஒரு காரணமும் எழுதல."

"என் பொண்ணுக்கு நான் கொறைச்சுப் போட்டா உங்களுக்கு என்னக்கா? கூட்டிப் போட்டாத்தானே தப்பு?"

"அத நீயும் சொல்லாத, நானும் சொல்லல. ஜட்ஜ் சொல்லட்டும்."

எனக்கு வந்த கோபத்துக்கு அந்தத் தாளைக் கிழித்திருப்பேன். என் வீட்டுக்காரர் பேப்பரை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார். பேப்பர் குலுங்கிக் குலுங்கி ஆடியது. மாடிப்படியில் இரண்டு சின்னக் கால்கள் தெரிந்தன. கையெழுத்துப் போட்டேன்.

ஜட்ஜ் என்றால் நிஜமான ஜட்ஜ். கவுண்டி கோர்ட்டில் அக்கா யாருக்கு டைப் அடித்தாரோ அந்த வெள்ளைக்காரர், சமீபத்தில் ரிடையரானவர். ஆறடிக்கு மேல் உயரம், பேன்ட்டைத் தாங்க இரண்டு தோள் வார். சனிக்கிழமை மத்தியானம் பேஸ்மென்ட் ஹாலில் பிங்பாங் மேசையின் பின்னால் உட்கார வைத்தோம். அக்கா பக்கத்தில் டைப்ரைட்டரோடு. முதலில் எலுமிச்சை சாதம் வேண்டும் என்றார் ஜட்ஜ். அதற்காகவேதான் வந்தாரோ என்னவோ, மூன்று முறை வாங்கிச் சாப்பிட்டார். சாப்பிட்டு, வாயைத் துடைத்து, கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். அதற்குப் பிறகு ஹாலில் ஒரு பிள்ளைகூட அசையவில்லை.

அவர் இங்கிலீஷில் சொன்னதை அக்கா உரக்கத் தமிழில் சொன்னார். "எனக்குத் தமிழ் தெரியாது. தெரிஞ்சாலும் எந்தக் கதை நல்ல கதைன்னு நான் சொல்ல மாட்டேன். அது கோர்ட்டோட வேலை இல்ல. அத நடுவருங்கதான் சொல்லணும். தீர்ப்பு வந்த வழி நேரான வழியான்னு மட்டும்தான் நான் பாப்பேன்."

மார்க் தாளை வாங்கினார். வெகுநேரம் பார்த்தார். விரலை வைத்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓட்டினார். பிறகு ஒவ்வொரு நடுவரின் பிள்ளையும் யார் என்று கேட்டார். காட்டினோம். சுதாவுக்கு நான் போட்டது நான்கு. டாக்டர் தன் மகனுக்குப் போட்டது மூன்று. கோயமுத்தூர்க்காரர் தன் மகளுக்கு நான்கு. ஹாலில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் மேலே டியூப் லைட்டைப் பார்த்தோம்.

ஜட்ஜ் தன் தோள் வாரை இழுத்துவிட்டுக்கொண்டார். "என் வாழ்நாளில் பிள்ளைக்காகத் திருட்டுத்தனம் செய்த பெற்றோர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். பிள்ளைக்கு எதிராகச் செய்கிறவர்களை இன்றுதான் பார்க்கிறேன்" என்றார். அதைத் தமிழில் சொல்லும்போது அக்காவுக்கே குரல் குழறியது, சிரிப்பை அடக்கினதில்.

"அப்ப நாங்க மூணு பேரும் அவங்கவங்க பிள்ளைக்குப் போட்ட மார்க்கை மட்டும் எடுத்துட்டு மிச்சத்தைக் கூட்டிப் பாருங்க" என்றேன் நான், எரிச்சலோடு.

டாக்டர் தொண்டையைக் கனைத்தார். "அது சரிவராது" என்றார் மெதுவாக. "நீங்கள் உங்கட பிள்ளைக்குக் குறைச்சுத்தான் போடுவியள் எண்டு எனக்குத் தெரியும். பிள்ளை பாவமெண்டு நான் ரெண்டு மார்க் கூட்டிப் போட்டனான்."

கோயமுத்தூர்க்காரர் நெளிந்தார். "டாக்டர் கூட்டிப் போடுவாருன்னு எனக்குத் தெரியுமுங்க. அதனால நான் ஒண்ணு கொறைச்சுட்டனுங்க."

அவ்வளவுதான். சிரிப்பில் ஹாலே இரண்டாகப் பிளந்தது. அக்கா இங்கிலீஷில் சொன்னதும் ஜட்ஜ் தலையை மேசையில் கவிழ்த்துக்கொண்டு சிரித்தார், பிங்பாங் மேசை ஆட்டம் கண்டது. போன வருடம் என்னை முள்ளாகத் தைத்த அந்த அம்மாளே என் முதுகில் தட்டிச் சிரித்தாள். எனக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. சுதாவைத் தேடினேன். அவள் மட்டும் சிரிக்கவில்லை. அக்காவின் டைப்ரைட்டர் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஜட்ஜ் தீர்ப்பைச் சொல்லச் சொல்ல அக்கா அடித்தார். மார்க் தாள் மொத்தமும் செல்லாது. யாருடைய பரிசையும் பிடுங்க வேண்டாம், ஆனால் ஒன்பது பிள்ளைகளும் இப்போதே திரும்பவும் கதை சொல்ல வேண்டும். தன் பிள்ளை மேடை ஏறும்போது அந்த நடுவர் ஹாலைவிட்டு வெளியே போய்விட வேண்டும். ஒவ்வொரு மார்க்குக்கும் பக்கத்தில் காரணம் எழுத வேண்டும். கடைசி வரியை ஜட்ஜ் சொன்னாரா, அக்காவே சேர்த்துக்கொண்டாரா என்று எனக்கு இன்றுவரை சந்தேகம்தான்.

சுதாவின் முறை வந்தது. தமிழில் சொல்வாளா, மேடையில் ஏறி 'ஐ அம் டன்' என்று இறங்கிவிடுவாளா, எனக்குத் தெரியவில்லை. எழுந்து வெளியே போனேன். பின்னாலேயே அக்காவும் வந்து கதவைச் சாத்தினார். கதவில் ஒரு சின்னக் கண்ணாடி இருந்தது. நான் எட்டிப் பார்ப்பேன் என்று அதன் மேல் தன் கோட்டைத் தொங்கவிட்டார். அதற்கு முன்னால் கோர்ட் வாசலில் காவல் நிற்கும் டவாலி மாதிரி நின்றுகொண்டார்.

உள்ளே சத்தமே இல்லை.  பிறகு கொல்லென்று ஒரு சிரிப்பு. கார் செத்துப்போன இடம்! தமிழில்தான் சொல்கிறாள்! வார்த்தை ஒன்றும் காதில் விழவில்லை, ஆனால் சிரிப்பை வைத்தே இடம் தெரிந்தது. இது கார் கேட்காத இடம். கொஞ்சம் நிசப்தம். இதோ, அப்பாவும் கேட்காத இடம். அந்த நிறுத்தத்தை இந்தத் தடவை இன்னும் கொஞ்சம் நீட்டியிருந்தாள்.

அக்கா கைப்பையிலிருந்து ஒரு மார்க் ஷீட்டை எடுத்து நீட்டினார். "இந்தா, போடு."

"என்னைத்தான் ஜட்ஜ் ஒதுக்கிட்டாரேக்கா."

"நடுவரத்தான் ஒதுக்குனாரு. அம்மாவ ஒதுக்கலல? இது எந்தக் கூட்டல்லயும் சேராது. சும்மா போடு."

சுவரில் தாளை வைத்து எழுதினேன். சுதா. பத்து. பக்கத்தில் 'காரணம்' என்று ஒரு கட்டம். பேனாவை அதில் வைத்தேன். வெட்கத்தைவிட்டுச் சொல்கிறேன், அழுதுவிட்டேன். என்ன எழுதுவது? ஒன்றா இரண்டா? ஒரு கட்டத்துக்குள் எது அடங்கும்? கட்டத்தைக் காலியாக விட்டுத் தாளைக் கொடுத்தேன்.

அக்கா பார்த்தார். "காரணம் எங்க?"

"எழுத வரலக்கா."

"காரணம் இல்லாத தீர்ப்ப நான் வாங்க மாட்டேன், தெரியும்ல?"

"தெரியும்."

 தன் சேலைத் தலைப்பால் என் கண்ணைத் துடைத்துவிட்டார். தாளை நான்காக மடித்துக் கைப்பையில் போட்டுக்கொண்டார். "சரி, இது என் கோர்ட்டு இல்ல. அப்பீல் போட்டவ கையில குடுத்துருறேன். அவ கேட்டுக்கிருவா" என்றார்.

மறுபடி மார்க் கூட்டிச் சராசரி பார்த்தார்கள். போன முறை முதல் பரிசு வாங்கிய பையனே இந்த முறையும் முதல். நன்றாகத்தான் சொன்னான், அவனுக்கு நானே ஒன்பது போட்டிருந்தேன். சுதா இரண்டாவது. டாக்டர் எழுதிய காரணம்: 'முடிவில் அவசரப்பட்டுவிட்டாள்.' சுதா அதைப் படித்துவிட்டு, நியாயம்தான் என்பதுபோல் தலையை ஆட்டினாள். அசல் அக்காவின் ஆட்டம்.

காரில் பின் சீட்டில் உட்கார்ந்து, மடித்திருந்த தாளைப் பிரித்தாள். நான் கண்ணாடியில் பார்த்தேன். அன்று அவள் அப்பா ஆபீஸ் போயிருந்தார், நாங்கள் இரண்டு பேர்தான். இரண்டு சிக்னல் தாண்டினோம். ஹைவேயில் ஏறினோம்.

"அம்மா."

மாம் இல்லை. அம்மா.

"இதுல பத்து போட்டிருக்க. காரணம் எழுதலியே?"

"வீட்டுக்குப் போய் எழுதறேன்டி."

"இப்பவே சொல்லு."

சொல்ல ஆரம்பித்தேன். அந்த 'அப்பாவும் கேக்கல'வுக்கு முன்னால் நிறுத்தினாயே, அதற்கு. டோ டிரக்குக்குத் தமிழில் என்ன என்று மூன்று நாள் என்னைப் படுத்தினாயே, அதற்கு. இட்லியை வெள்ளை கேக் என்றாயே, அதற்கு. என் மேல் அத்தனை கோபம் இருந்தும் இன்றைக்கு ஏறித் தமிழில் சொன்னாயே, அதற்கு. 'அப்புறம்?' என்றாள். சொன்னேன். 'அப்புறம்?' என்றாள். கட்டத்துக்குள் அடங்காதது எல்லாம் காருக்குள் கொட்டிக்கொண்டே போனது. ஹைவேயைவிட்டு வீட்டுக்கு இறங்க வேண்டிய எங்கள் எக்ஸிட் வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. அடுத்ததும் போய்விட்டது.

சுற்றிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தால், வாசல் படியில் அக்கா. அவருடைய எலுமிச்சை சாதப் பாத்திரம் என் காரில் வந்துவிட்டதாம். கோட்டுக் கைகளுக்குள் விரல்களை இழுத்துக்கொண்டு, மூக்கு சிவந்து நின்றார். அக்காவைப் பற்றி நினைத்தால் எனக்கு இந்தப் படம்தான் முதலில் வரும். பிறகு அவர் டெக்சஸுக்கு, பிளானோவில் மகனிடம் போனார். அங்கிருந்து வந்த கடிதங்கள் எல்லாமே கார்பன் காப்பிதான், கடைசியில் 'பதில் போட முடியாவிட்டால் காரணம் எழுதவும்' என்று இருக்கும். ஆனால் எனக்கு அவர் எப்போதும் அந்தப் படியில்தான் நிற்கிறார்.

"எங்கிட்டுப் போனீங்க ரெண்டு பேரும்? எனக்கு முன்னாடி கெளம்புனவ நீயி! அரை மணி நேரமா வெறைச்சுப்போய் நிக்கிறேன். ஏன் லேட்டு? காரணம் சொல்லு."

நான் வாயைத் திறந்தேன். சுதா முந்திக்கொண்டாள்.

"ஆன்ட்டி, அம்மா காரணம் சொல்லிக்கிட்டே வந்தாங்க. நான் அப்புறம் அப்புறம்னு கேட்டேன். எக்ஸிட் போயிடுச்சு. இன்னொரு எக்ஸிட்டும் போயிடுச்சு. அம்மா எக்ஸிட்டைத் திட்டினாங்க." கொஞ்சம் நிறுத்தினாள். "எக்ஸிட் கேக்கல."

அக்கா சிரிக்கவில்லை. பிங்பாங் மேசையின் பின்னால் உட்கார்ந்திருந்த ஜட்ஜ் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு யோசித்தார். 

"இந்தக் காரணம் செல்லும்" என்றார் அக்கா. அதற்குப் பிறகுதான் சிரித்தார்.